இரண்டாவது கைதட்டல்

எந்த வித்தைக் குடும்பத்தை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள், பெரிய ஆள் அடியில் நிற்பான், சின்னப் பிள்ளை உச்சியில் ஏறும். ஓட்டேரி செங்கேணி முதலி தெருவில் குடியிருந்த டைமண்ட் தாமு குடும்பத்தில் மட்டும் எல்லாம் தலைகீழ். எட்டு வயசு வச்சலா அடியில், பதினொரு வயசு அக்கா கஸ்தூரி மேலே, அம்மா சுலோச்சனா பக்கத்தில் நின்று பித்தளைச் சொம்புகளை ஒவ்வொன்றாக எடுத்து நீட்ட, இத்தனைக்கும் நடுவில் ஆறடி உயரமும் அதற்கேற்ற அகலமுமாக அப்பன்காரன் தாமோதரன் கோட்டு மாட்டிக்கொண்டு ஒரு குண்டுமணி எடைகூடத் தூக்காமல் பேசிக்கொண்டிருப்பான்.

"எல்லார் வூட்லயும் பெருசு தாங்கும், சிறுசு ஆடும்! நம்ம வூட்ல சிறுசு தாங்குது, அத்த கவனிங்க!" என்று அவன் குரல் கொடுப்பான், ஜனமும் வாயைப் பிளந்துகொண்டு கவனிக்கும். அந்தச் சின்னது எதற்காகத் தாங்க வேண்டும் என்று ஒருத்தருக்காவது கேட்கத் தோன்றியதா என்றால் இல்லை, தோன்றவே இல்லை. வச்சலா பின்பக்கமாக வளைந்து இரண்டு கையும் இரண்டு காலும் தரையில் ஊன்றிக்கொள்வாள், அவள் வயிற்றின் மேல் சிவப்புச் சாயம் அடித்த ஒன்றரை அடிப் பலகை, பலகை மேல் ஒற்றைக்காலில் கஸ்தூரி, கஸ்தூரி தலையில் தண்ணீர் நிரம்பிய ஏழு சொம்பு. தலைகீழாகத் தொங்கும் வச்சலாவின் கண்ணுக்கு அந்த நேரத்தில் தெரிவதெல்லாம் ஜனங்களின் செருப்புகள்தான்.

இறங்குவதற்கு ஒரு முறை உண்டு. தாமு கையைக் குழித்து ஒரு தட்டுத் தட்டினால் சுலோச்சனா சொம்புகளை வாங்கிக்கொள்ள, கஸ்தூரி குதித்து இறங்குவாள். இரண்டாவது தட்டுக்கு வச்சலா எழுந்திருக்க வேண்டும், எழுந்ததும் பலகையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வணக்கம் போட்டுவிட்டு அம்மா நிற்கும் பக்கமாக ஓட வேண்டும், பலகையை மட்டும் மேடையில் விட்டுவிட்டு வரவே கூடாது. ஐந்து வயசில் ஒருநாள் ஜனங்களின் கைதட்டலை அப்பாவின் தட்டு என்று நினைத்து அவள் எழுந்துவிட, மேலே இருந்த கஸ்தூரி முகம் அடிபட விழுந்து முன்பல் பாதி போயிற்று. அன்றிலிருந்து வீட்டில் பழக்கம் கடுமையாயிற்று. குழந்தையை வளைத்து நிறுத்திவிட்டு அம்மாவும் அக்காவும் நாலா பக்கமும் நின்று கைதட்டுவார்கள், பக்கத்து வீட்டுப் பிள்ளைகளையும் கூப்பிட்டுத் தட்டச் சொல்வார்கள், அவள் அசையக் கூடாது. தாமு சாவகாசமாக ஒரு பீடியைப் பிடித்து முடித்துவிட்டு, உள்ளங்கையைக் குழித்து, ஓடு உடைகிற மாதிரி ஒரு சத்தம் எழுப்புவான், அதற்கு மட்டும்தான் அசைய வேண்டும். ஆயிரம் பேர் தட்டினாலும் அந்த ஒரு தட்டை அவள் காது பிரித்தெடுத்துவிடும். அப்படிப் பழக்கியதில் தாமுவுக்கு அவ்வளவு பெருமை, பாவிக்கு!

மெட்ராஸுக்கு டிவி வந்த மூன்றாம் வருஷம், வெள்ளிக்கிழமை சாயந்தர பல்சுவை நிகழ்ச்சிக்கு இவர்களைக் கூப்பிட்டு அனுப்பினார்கள். நிலையத்துக் கூடம் ஐஸ் பெட்டிக்குள் புகுந்த மாதிரி குளிர்ந்தது, விளக்குகள் அடுப்பு மாதிரி எரிந்தன, நீலமேகம் என்ற நிகழ்ச்சி அதிகாரி கடிகாரத்தைக் காட்டி, "தாமோதரன், மூணே நிமிஷம். கேமரா மேல சிவப்பு விளக்கு எரியுற வரைக்கும்தான் உங்க நேரம். அணைஞ்சா முடிஞ்சுது, அடுத்தது வயலும் உழவரும் விவசாய நிகழ்ச்சிக்காரங்க வந்துடுவாங்க" என்றார். தாமு தலையை ஆட்டினான். எல்லாம் ஒழுங்காகத்தான் நடந்தது, ஏழு சொம்பும் ஏறின, கஸ்தூரி ஒற்றைக்காலில் சுற்றினாள், தாமு ஒரு தட்டுத் தட்டினான், கஸ்தூரி இறங்கினாள், இரண்டாவது தட்டுக்குக் கையை விரித்தவன் அந்தச் சிவப்பு விளக்கைப் பார்த்தான். ஊரே அந்த விளக்குக்குப் பின்னால் உட்கார்ந்து தன்னையே பார்க்கிறது என்ற நினைப்பு வந்து, விரித்த கையைத் தட்டாமல், அப்படியே சத்தமில்லாமல் கூப்பி, கேமராவுக்கு ஒரு வணக்கம் போட்டான். விளக்கு அணைந்தது.

வச்சலா வளைந்தபடியே இருந்தாள். தாமு நீலமேகத்தின் பின்னாலேயே, "சார், எப்படி சார் வந்துச்சு, மறுபடி எப்ப சார்" என்று ஓடிவிட்டான், ஆட்கள் வந்து விரிப்பைச் சுருட்டினார்கள், வாழைக்கன்றுகளையும் வைக்கோல் போரையும் கொண்டுவந்து வைத்தார்கள், பவுடர் போட்டுவிட்ட அம்மாள் குனிந்து, "யம்மா, எல்லாம் முடிஞ்சிடுச்சு, எந்திரி" என்றாள், அவள் எழுந்திருக்கவில்லை. கடைசியில் சுலோச்சனாதான் பலகையை எடுத்துக் கஸ்தூரியிடம் கொடுத்துவிட்டு, பெற்ற பிள்ளையை வளைந்த வளைவோடு அள்ளித் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஸ்டாண்டு வரைக்கும் நடந்தாள். பாதி வழியில்தான் அந்த முதுகு கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்ந்தது.

அடுத்த வெள்ளிக்கிழமை ஒளிபரப்பு. தெருவிலேயே ஒரே டிவி ஞானம்மாள் டீச்சர் வீட்டில், இரண்டு பக்கமும் மரக்கதவு வைத்து இழுத்து மூடுகிற பெரிய பெட்டி. கூடத்திலும் வாசலிலும் ஜன்னலிலும் ஜனம் நெரிய, தாமு குடும்பம் முதல் வரிசையில். வித்தை வந்தது, முடிந்தது, தாமு திரையில் வணக்கம் போட்டான், ஜனம் கைதட்டியது, அடுத்து ஒரு பெரியவர் நெல்லுக்கு வரும் குலைநோயைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். அவர் காலடியில், திரையின் கீழ்ப்பக்கம், வயிற்றில் பலகையோடு, வளைந்தபடி, வச்சலா அப்படியே இருந்தாள்.

முதலில் யாரும் ஒன்றும் நினைக்கவில்லை. பிறகு பாட்டு வந்தது, பாட்டிலும் இருந்தாள். செய்தி வந்தது, செய்தி வாசிக்கிறவரின் மேஜைக்கு முன்னால் இருந்தாள். "டீச்சரம்மா, நாப்ப திருகிப் பாருங்களேன்" என்று யாரோ சொல்ல, டீச்சர் திருகினாள், ஆண்டெனாவை ஒருத்தன் மொட்டை மாடியில் ஏறித் திருப்பினான், எல்லாம் கோடு கோடாக ஆடின, வச்சலா மட்டும் ஆடவில்லை. தரையில் உட்கார்ந்திருந்த எட்டு வயசு வச்சலாவுக்கு மட்டும் விஷயம் உடனே புரிந்துவிட்டது.

"நைனா," என்றாள், "நீ ரெண்டாவது தட்டல. அவ காத்துக்கினு இருக்கா. தட்டு நைனா."

தாமு சிரித்துக்கொண்டே கையை விரித்தான். தட்டியிருப்பான், சத்தியமாகத் தட்டியிருப்பான், அதற்குள் வாசலில் நின்ற சோடாக் கடைக்காரன், "யோவ் தாமு! உன் பொண்ணு நியூஸ்லயும் வருதுய்யா! இன்னா யோகம்யா உனக்கு!" என்று கத்த, தெருவே அவனைத் திரும்பிப் பார்த்தது. அத்தனை கண்ணும் தன் மேல் விழுந்ததைப் பார்த்த தாமுவின் கைகள் ஒரு சாண் இடைவெளியில் நின்றன, பிறகு மெதுவாக இரண்டு தொடையின் மேலும் போய் உட்கார்ந்துகொண்டன. அதோடு சரி. அதற்கப்புறம் அவன் வருஷக்கணக்காகக் கையோடு கை சேர்க்காமல் பார்த்துக்கொண்டான், கல்யாணத்தில் கைதட்ட மாட்டான், கோயிலில் கும்பிட மாட்டான், நெஞ்சில் ஒரு கையை வைத்துக்கொள்வான், கொசு கடித்தால் ஒற்றைக் கையால் அடிப்பான், தப்பித்தவறிக்கூட இரண்டும் மோதிவிடக் கூடாது என்று வலது கையில் எந்நேரமும் ஒரு மடக்கின குடை. தெரியாமல் செய்தான் என்று யாராவது சொன்னால் அந்தக் குடையை அவர்களுக்குக் காட்ட வேண்டும்.

ஊர் எவ்வளவு சீக்கிரம் பழகிக்கொண்டது தெரியுமா? முதல் வாரம் மெக்கானிக்குகளுக்கு நல்ல வேலை, ஒவ்வொரு வீட்டிலும் பெட்டியைக் கழற்றிப் பார்த்துவிட்டு, "பிச்சர் ட்யூப்ல ஒண்ணுமில்ல சார், மயிலாப்பூர்லயும் இதே பொண்ணு, தாம்பரத்துலயும் இதே பொண்ணு" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். இரண்டாவது வாரம் நிலையத்துக்கு மூட்டை மூட்டையாகக் கடிதம் வந்தது, பாதிப் பேர் அந்தப் பாப்பாவின் முழங்கால் கிரிக்கெட் ஸ்கோரை மறைக்கிறது என்று எழுதினார்கள், மீதிப் பேர் அந்தப் பாப்பாவுக்கு என்ன சோப்பு போடுகிறீர்கள் என்று கேட்டார்கள், அவளை எழுப்புங்கள் என்று எழுதிய ஒரே கடிதம் ஞானம்மாள் டீச்சர் எழுதியது. ஒரு மாதத்தில் செய்தி வாசிக்கிறவர்கள் நாற்காலியைக் கொஞ்சம் இடது பக்கம் நகர்த்திப் போட்டுக்கொண்டார்கள். ஆறு மாதத்தில், வயிற்றின் மேல் பலகை சும்மாதானே கிடக்கிறது என்று நீலமேகத்துக்குத் தோன்ற, அதன் மேல் கடிகாரம் வைத்தார்கள். அப்புறம் பொங்கல் வாழ்த்து அட்டை, அப்புறம் ஏரிகளின் நீர்மட்டம், காணாமல்போனவர்களின் போட்டோ, ஊறுகாய் ஜாடி, பிரஷர் குக்கர், தேர்தல் சமயத்தில் முடிவுகள், ஒன்றின் மேல் ஒன்றாக. எட்டு வயசுப் பிள்ளையின் வயிறு ஐயா அது! யார் கேட்டார்கள்?

பெண்கள் இன்னொரு பக்கம் கிளம்பினார்கள். எந்த வீட்டிலோ இடுப்பு வலி வந்தவள் டிவி கண்ணாடியைத் தொட்டுக் கும்பிட்டாள், வலி போயிற்றாம், அதிலிருந்து டிவிக்குப் பூச்சரம் போடுவதும் கண்ணாடியில் பாப்பாவின் தொப்புள் தெரிகிற இடத்தில் குங்குமம் வைப்பதும் வழக்கமாயிற்று. பிள்ளைகள் அடம் பிடித்தால், "பாரு, அந்தப் பாப்பா எவ்ளோ சமத்தா இருக்குது, சத்தம் போடுதா, அசையுதா" என்று தாய்மார்கள் காட்டினார்கள். ஒளிபரப்பு முடிந்து திரை புள்ளி புள்ளியாக இரைகிறபோதும் அந்தப் புள்ளிகளுக்குள் அவள் இருந்தாள். கலர் டிவி வந்தது, எல்லாரும் கலரானார்கள், அவள் மட்டும் கறுப்பு வெள்ளையாகவே இருந்தாள். கேபிள் வந்து முப்பது சேனல் வந்தது, முப்பதிலும் இருந்தாள்.

சுலோச்சனா மட்டும் வெள்ளிக்கிழமைதோறும் ஒரு கிண்ணத்தில் விளக்கெண்ணெயைச் சுடவைத்து எடுத்துக்கொண்டு டீச்சர் வீட்டுக்குப் போய், கண்ணாடியில் பிள்ளையின் இடுப்பு தெரிகிற இடத்தில் தேய்த்துவிட்டு வருவாள். டீச்சரும் அதைத் துடைக்க மாட்டாள். வீட்டுக்கு வந்ததும் மிச்ச எண்ணெயை வச்சலாவின் முதுகில் தேய்ப்பாள், தேய்த்துக்கொண்டே, "ஒரு தபா தட்டுய்யா. ஒரே ஒரு தபா. உன் கையி தேஞ்சா போயிடும்?" என்பாள். குடையைப் பிடித்துக்கொண்டு தாமு தெருவைப் பார்த்து உட்கார்ந்திருப்பான்.

வச்சலாவின் பிழைப்பைக் கெடுத்தவளும் திரையிலிருந்த அந்த வச்சலாவேதான். பத்து வயசில் மறுபடி நிலையத்தில் கூப்பிட்டார்கள், போய் வளைந்தாள். ஒளிபரப்பானபோது திரையில் இரண்டு வச்சலா, அடியில் ஒன்று, அதற்கு மேலே கொஞ்சம் பெரிதாக இன்னொன்று. ஜனத்துக்குப் பிடிக்கவில்லை, "சின்னதுதான் அழகு, இதுக்குக் காலு நீட்டமா இருக்குது" என்றார்கள். நீலமேகம் தாமுவைக் கூப்பிட்டு, "உங்க பாப்பா எங்ககிட்டதான் இருக்காளே, எதுக்கு இன்னொண்ணு?" என்று மரியாதையாகவே சொல்லி அனுப்பினார். அன்றைக்கு வீட்டுக்கு வந்து தாமு சோற்றுத் தட்டைத் தட்டிவிட்டான். "ஏண்டி வளந்த? யார் உன்ன வளரச் சொன்னது?" என்றான். அன்றிலிருந்து வச்சலாவுக்கு வேளைக்கு ஒரு கரண்டி சோறு, மறு கரண்டி கேட்டால் சுலோச்சனாவுக்கு அடி. அப்படியும் வளர்ந்தாள். எலும்பு என்ன அவன் பேச்சைக் கேட்கவா போகிறது?

வித்தை நின்றது, தாமு நிற்கவில்லை. ஊர் ஊராக அவனைக் கூப்பிட்டார்கள், டிவி கடைக்கு ரிப்பன் வெட்ட, பள்ளி ஆண்டு விழாவில் பரிசு கொடுக்க, பல்சுவை நிகழ்ச்சிகளில் நடுவராக உட்கார. 'பாப்பாவின் தந்தை டைமண்ட் தாமு' என்று போஸ்டர் அடித்தார்கள். அவனும் குடையும் கோட்டுமாகப் போய், "அந்தப் பொறுமை என் ரத்தத்துல வந்தது" என்று பேசுவான். கூட்டிக்கொண்டுபோன வச்சலாவை ஒருத்தரும் நம்பவில்லை. "நான்தான் அது" என்று அவள் சொன்னால் மேலும் கீழும் பார்த்துவிட்டு, "அந்தப் பாப்பா எங்க, நீ எங்க" என்பார்கள். பன்னிரண்டு வயசில் ஒருநாள் டீச்சர் வீட்டுக் கூடத்தில் யாருமில்லாத நேரம், பெட்டிக்கு முன்னால் நின்று, கையைக் குழித்து, அப்பன் தட்டுகிற மாதிரியே தட்டிப் பார்த்தாள், உள்ளங்கை கன்றிப்போகும் வரை தட்டினாள். திரையில் இருந்தவள் கண்ணிமைகூட ஆட்டவில்லை. அடிபட்டுப் பழகிய பிள்ளை, எந்தத் தட்டுக்கு எழ வேண்டும் என்று அதற்கு நன்றாகத் தெரியும். வச்சலா அங்கேயே உட்கார்ந்து, தன்னைப் பார்த்துத் தானே அழுதாள், அழுது முடித்தபோது அழுகை போய்க் கோபம் வந்து உட்கார்ந்துகொண்டது, வந்தது போகவே இல்லை.

பிறகு அவள் எக்ஸ்போர்ட் கம்பெனியில் காஜா தைக்கப் போனாள். தினமும் சாயந்தரம் ஐந்தரைக்கு நிலையம் திறக்கிற நேரம் அவள் இடுப்பு பிடித்துக்கொள்ளும், மெஷினை விட்டு எழுந்து சுவரில் முதுகை ஒட்டி நின்றுகொள்வாள், சூப்பர்வைசர் திட்டுவான். இருபத்து மூன்று வயசில் அம்மா போய்ச் சேர்ந்தாள். படுக்கையில் கிடந்த கடைசி நாளில் டீச்சர் வீட்டுப் பெட்டியை நாலு பேர் தூக்கிக்கொண்டுவந்து அவள் எதிரில் வைத்தார்கள், சுலோச்சனா திரையைப் பார்த்துக்கொண்டே புருஷனின் கைகளைத் தேடிப் பிடித்து ஒன்றாகச் சேர்க்கப் பார்த்தாள். தாமு ஒரு கையை உருவிக்கொண்டான். சாகிறவள் கையிலிருந்து உருவிக்கொண்டான் என்றால் பாருங்கள்! அதை வச்சலா பார்த்தாள்.

கஸ்தூரியின் கதை சின்னது. கட்டிக்கொண்டவன் விட்டுவிட்டுப் போனான், ஆறு வயசு மகள் ரேணுகாவோடு பிறந்த வீட்டுக்கே திரும்பி வந்தாள். பாதிப் பல்லும் வாடின முகமுமாக அவள் அப்பனை எதிர்த்து ஒரு வார்த்தை பேச மாட்டாள். ஒருநாள் மத்தியானம் கரண்ட் இல்லை என்று கம்பெனி சீக்கிரம் விட, வச்சலா வீட்டுக்கு வந்தாள். நடுக்கூடத்தில் ரேணுகா பின்பக்கமாக வளைந்து நின்றாள், வயிற்றின் மேல் அதே சிவப்புப் பலகை. தாமு நாற்காலியில், மடியில் குடை, வாயில் பீடி.

"எவ்ளோ நேரமா ரேணு?" என்றாள் வச்சலா.

"தெரியல சித்தி. தாத்தா இன்னும் விசில் ஊதல" என்றது குழந்தை, தலைகீழாக, அவள் செருப்பைப் பார்த்துக்கொண்டே.

கைதட்ட முடியாதே, அதனால் விசிலாம்! வச்சலாவுக்கு உச்சந்தலை வரைக்கும் பற்றிக்கொண்டு வந்தது. பலகையைத் தூக்கி எறிந்துவிட்டுக் குழந்தையை அள்ளிக்கொண்டாள். "இன்னா நைனா பண்ற நீ? ஒண்ணு போதாதா உனக்கு?"

"கத்தாதடி. நெலையத்துல ஆண்டு விழா, நேரடி ஒளிபரப்பு, நீலமேகம் சாரு கூப்பிட்டு அனுப்பிச்சாரு. பாப்பா பக்கத்துல பேத்தி, எப்படி இருக்கும் பாரு! ஊரே நிமிந்து பாக்கும்."

"ஊரு நிமிந்து பாக்கும், இதுங்க வளைஞ்சிக்கினு கெடக்கணுமா?"

"இந்தா, உனக்குச் சோறு போட்டதே அதுதான்" என்றான் தாமு, டீச்சர் வீட்டுப் பக்கம் குடையை நீட்டி. "அவ எந்திரிச்சா நம்மள யாரு கூப்பிடுவா? எவனாவது திரும்பிப் பாப்பானா?"

ஒரு கரண்டி சோறு, வச்சலாவுக்கு ஞாபகம் இருந்தது. அதற்கு மேல் அவள் ஒன்றும் பேசவில்லை. அன்று மட்டுமல்ல, விழா நாள் வரை வீட்டில் யாரோடும் பேசவில்லை, கஸ்தூரி குழந்தைக்கு ஜிகினா வைத்த ஃபிராக் தைத்தபோது பொத்தான் கட்டிக் கொடுத்ததுகூட அவள்தான். மனசு மாறிவிட்டாள் என்று தாமு நினைத்துக்கொண்டான்.

விழா சாயந்தரம் ஆறு மணிக்கு. அந்தப் பழைய கூடத்திலேயே மேடை போட்டு, பின்னால் சுவர் அளவுக்குத் திரை வைத்திருந்தார்கள், திரையில் அவள், கறுப்பு வெள்ளையில், எட்டு வயசாக, ஆள் உயரத்துக்கு. அவள் பலகை மேல் அன்றைக்கு நிலையத்தின் சின்னம், அதன் மேல் கேக், கேக் மேல் மெழுகுவர்த்தி. தலை நரைத்த நீலமேகம், இப்போது அவர்தான் அங்கே எல்லாம், மைக்கில், "நமது நிலையத்தின் பொக்கிஷம்! பதினெட்டு ஆண்டுகளாக ஒரு நாள்கூட விடுப்பு எடுக்காத ஒரே கலைஞர்!" என்றார், சபை சிரித்துக் கைதட்டியது. தாமுவுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள், அவன் குடை பிடித்த கையை நெஞ்சில் வைத்துக்கொண்டான். அடுத்து ரேணுகா வந்து வளைந்தாள், கஸ்தூரி பலகையை வைத்து ஏழு சொம்பையும் அடுக்கினாள், தாமு மறு கையில் விசிலை எடுத்துக்கொண்டு, "நம்ம வூட்ல சிறுசு தாங்குது, அத்த கவனிங்க!" என்று ஆரம்பித்தான்.

முதல் வரிசையிலிருந்து வச்சலா எழுந்து மேடை ஏறினாள். இதுவும் ஐட்டத்தில் சேர்ந்ததுதான் போலிருக்கிறது என்று எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அம்மா நிற்கிற இடத்தில் போய் நின்றாள், அம்மா வாங்குகிற மாதிரியே சொம்புகளை மேலிருந்து ஒவ்வொன்றாக வாங்கித் தரையில் வைத்தாள், பலகையை எடுத்தாள்.

"எந்திரி ரேணு."

"விசில் சித்தி?"

"விசிலு கிசிலு ஒண்ணும் வேணாம். உனக்கு எந்திரிக்கணும்னா எந்திரி."

குழந்தை எழுந்து நின்று கண்ணைக் கசக்கியது. வச்சலா அப்பனிடம் திரும்பினாள். குடையைப் பிடுங்கி எறிந்தாள், விசிலைத் தட்டிவிட்டாள், காஜா தைத்து உரமேறின கையால் அவன் மணிக்கட்டு இரண்டையும் பிடித்தாள். அறுபது வயசு ஆறடி ஆள் முறுக்கினான், திமிறினான், பொன்னாடை நழுவிக் காலில் சிக்கியது.

"வேணாம்டி வச்சலா, எல்லாரும் பாக்கறாங்கடி" என்றான் பல்லைக் கடித்துக்கொண்டு. "நம்ம பொழப்புடி அது. வேணாண்டி, பாவம்டி அது."

"பாவமா? பதினெட்டு வருஷம் கழிச்சி வருதா உனக்குப் பாவம்? அது யாரு நைனா? சொல்லு, அது யாரு? நான்தான அது! என் இடுப்புதான அது! எங்கம்மா எண்ணெ தேச்சித் தேச்சிச் செத்தா, அப்பக்கூடக் கைய உருவிக்கினியே!" அவள் குரல் மைக்கில் ஏறி ஊர் முழுக்கப் போனது, நீலமேகம் ஓடிவந்தவர் கேமராவைப் பார்த்ததும் நின்றுவிட்டார். "தட்டு! என் கண்ணு முன்னாடி தட்டு!"

அவள்தான் மோதினாள். ஆனால் பழகின கை, தானாகவே குழிந்துகொண்டது, பதினெட்டு வருஷமாக உள்ளே கிடந்த தட்டு, ஓடு உடைகிற மாதிரி அந்தக் கூடத்தில் விழுந்தது.

செங்கேணி முதலி தெருவில் ஞானம்மாள் டீச்சர் வீட்டுக் கூடத்தில் இருந்தவர்கள் சொன்னதும், மயிலாப்பூரில் பார்த்தவர்கள் சொன்னதும், தாம்பரத்தில் பார்த்தவர்கள் சொன்னதும் ஒன்றுதான். முதலில் பிள்ளையின் முகவாய் அசைந்தது, பிறகு ஒரு கை தரையை விட்டது, பலகை சரிந்தது, கேக்கும் சின்னமும் மெழுகுவர்த்தியும் சரிந்தன, அவற்றோடு கடிகாரமும் குக்கரும் ஊறுகாய் ஜாடியும் இத்தனை வருஷம் அவள் மேல் ஏற்றிவைத்த அத்தனையும் எங்கிருந்தோ சடசடவென்று விழுந்தன, அந்தச் சத்தத்தில் ஜன்னல் கண்ணாடிகள் அதிர்ந்தன. அவள் எழுந்து நின்றாள். இடுப்பில் இரண்டு கையையும் வைத்து ஒரு தரம் பின்னுக்குச் சாய்ந்து பார்த்துக்கொண்டாள், ஃபிராக்கைக் கீழே இழுத்துவிட்டுக்கொண்டாள். அப்பன் பக்கம் திரும்பவில்லை, வணக்கம் போடவில்லை. காலடியில் கிடந்த பலகையைப் பார்த்தாள், எடுக்கப் போகிறாள் என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள், எடுக்கவில்லை, அதைத் தாண்டிக் கால் வைத்து, அம்மா நிற்கும் பக்கமாக நடந்து, திரையை விட்டுப் போய்விட்டாள்.

மேடையில் வச்சலா அப்பனின் கைகளை விட்டாள். இடுப்பில் பிடித்திருந்த ஏதோ ஒன்று விட்டுப்போனது, நின்ற இடத்திலேயே நன்றாக நிமிர்ந்துகொண்டாள்.

ஊருக்கு அவள் மேல் மகா கோபம். வீட்டு லட்சுமியை விரட்டிவிட்டாள் என்று தெருப் பெண்கள் தண்ணீர்க் குழாயில் அவளுக்கு வழி விடவில்லை, நிலையத்துக்கு மறுபடி மூட்டை மூட்டையாகக் கடிதம் வந்தது, பாப்பாவைத் திரும்பக் கொண்டுவாருங்கள் என்று. "கூப்ட்டுப் பாருங்களேன், வராளான்னு" என்றாள் வச்சலா எல்லாருக்கும். ஞானம்மாள் டீச்சர் மட்டும் ஈரத்துணி எடுத்துக் கண்ணாடியிலிருந்த குங்குமத்தையும் எண்ணெயையும் சுத்தமாகத் துடைத்தாள், துடைத்து முடித்த பிறகு பெட்டியையே தாமு வீட்டுக்குக் கொடுத்தனுப்பினாள், "இனிமே எனக்கு இதுல பார்க்க ஒண்ணுமில்ல" என்று.

பலகை மட்டும் போகவில்லை. எந்தச் சேனலைத் திருப்பினாலும் திரையின் கீழே அது கிடந்தது, செய்தி வாசிக்கிறவர்கள் அதைப் பார்க்காத மாதிரி வாசித்தார்கள். தாமுவை இப்போது யாரும் எதற்கும் கூப்பிடுவதில்லை. சாயந்தரம் ஐந்தரை ஆனால் அவன் பெட்டியைப் போட்டு எதிரில் உட்கார்ந்து, அந்தப் பலகையையே பார்த்து, கையைக் குழித்து, தட்டுவான். டப், டப். கொஞ்சம் பொறுத்துப் பார்ப்பான், மறுபடி டப், டப். இரண்டு உள்ளங்கையும் சிவந்து வீங்கியிருக்கும், யாரும் வருவதில்லை.

பக்கத்து அறையில் வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டு, கையும் காலும் நாலா பக்கமும் போட்டபடி, மல்லாக்க ரேணுகா தூங்குவாள். வச்சலா அவளுக்குப் போர்வையை இழுத்துவிட்டு எழுந்து வந்து, கதவருகில் நிற்பாள்.

"நைனா, போதும், தட்டாத" என்பாள். "பிள்ள தூங்குது."